கடைசி எட்டுப் பக்கம்

ஜுஃபைரில் ஆறாவது மாடி.
சோபாவை முதலில் இறக்கினோம், பிறகு வாஷிங் மெஷின்.
படம் மாட்டியிருந்த இடங்கள் மட்டும்
சுவரில் வெளுப்பாகத் தெரிந்தன.
"அந்தப் பெட்டி வேண்டாம், போட்டுடுங்க" என்றார் வீட்டுக்காரர்,
காலையிலிருந்து என்னிடம் ஆங்கிலம் பேசியவர்.

குப்பைத் தொட்டிவரை தூக்கிப் போனேன்.
கனம்.
கனத்ததைப் பாதியில் போட
என் தோளுக்குப் பழக்கமில்லை.

சல்மாபாத் கேம்ப். மேலே நாலு, கீழே நாலு கட்டில்.
டேப்பைக் கிழித்தபோது
சாப்பாடு என்று எட்டிப் பார்த்தார்கள் எல்லாரும்.

பத்தாம் வகுப்புக்கு அப்புறம் நான் படித்தது
விசா, ரசீது, மாத்திரை அட்டை.
புத்தகமென்றால் எல்லாம் ஒரே மாதிரி இருக்கும்
என்றுதான் நினைத்திருந்தேன், அரிசி மூட்டை போல.

சமையல் புத்தகத்தை மதலைமுத்து எடுத்துக்கொண்டான்.
ராத்திரி ஜெபத்துக்கு அப்புறம் சத்தமாக வாசிப்பான்:
'பொன்னிறமாகும்வரை வதக்கவும்.'
அன்றைக்கும் எங்களுக்குக் குப்பூசும் பருப்பும்தான்.
ஆனாலும் அந்தப் பொன்னிறம்
விளக்கணைத்த பிறகும் கொஞ்ச நேரம் இருந்தது.

நட்சத்திரங்களைப் பற்றி ஒன்று, பிள்ளைகளுக்கானது.
யாரோ சனிக் கிரகத்துக்கு மெழுகு வண்ணத்தில்
மூக்கு வரைந்திருந்தார்கள்.
கேம்ப் விளக்கு விட்டுவைத்த நாலைந்து புள்ளிக்கும்
குணபாலன் பெயர் கண்டுபிடித்தான்.
அதில் ஒன்று விமானம்.

பேய்க்கதையை அட்டை தெரியாமல் கவிழ்த்துவைக்கச் சொன்ன
சிக்கந்தர்தான்
ஏசி நின்றுபோன இரவுகளில் அதைத் தேடி எடுப்பான்.
முதுகு சில்லென்று ஆகுதாம்.

முத்துக்குளித்தவர்களின் சரித்திரம் ஒன்று.
இதே கடல்.
மூக்கில் கவ்வி மாட்டி, காலில் கல் கட்டி,
முன்பணம் வாங்கிக்கொண்டு இறங்கினார்களாம்.
அப்பன் செத்தால் கடன் மகனுக்கு.
அந்தப் பக்கத்தோடு மூடிவிட்டேன்.
ஏஜெண்டுக்கு நான் தரவேண்டியது இன்னும் முன்னூறு தினார்.

கவிதை என்று ஒன்றில் பாதிப் பக்கம் காலி.
கோபம் வந்தது. எட்டுப் பேர் அறையில் இருக்கிறவனுக்கு
வராதா, இத்தனை இடத்தை வீணடித்தால்?
வெள்ளிக்கிழமை சும்மா மறுபடி புரட்டினேன்.
அந்தக் காலி இடத்தில்
கொஞ்சம் கால் நீட்டிக்கொள்ள முடிந்தது.

கடைசியாகத் துப்பறியும் கதை.
எஸ்டேட் முதலாளியைக் காணோம்,
ஓடைக்கரையில் செருப்பு, ஒரு கைக்கடிகாரம்.
அறையே முறைபோட்டுப் படித்தது,
எட்டுப் பக்கம் கிழிந்திருப்பது
தெரியாமல்.

டாக்டர், என்றான் மதலைமுத்து.
மச்சான்காரன்தான், சொத்து இருக்கில்ல, என்றான் சிக்கந்தர்.
ரெண்டு நாள் சண்டை. ஒருவன் தட்டைத் தூக்கி எறிந்தான்.
குணபாலன் சாக்ஸ் துவைத்துக்கொண்டே சொன்னான்:
"அந்த ஆள் சாகவே இல்லை.
கடனுக்குப் பயந்து பேரை மாத்திக்கொண்டு
வேறெங்கோ பெட்டி தூக்குறான்."
அதற்கு மேல் யாரும் அவனைக் கேட்கவில்லை.
பாஸ்போர்ட்டில் அவன் பெயர் என்னவென்றும்
கேட்டதில்லை நாங்கள்.

மறு வருஷம் ரமலானுக்கு முன்னால்
ஒரு காலை அவன் கட்டில் மடித்த போர்வையோடு இருந்தது.
நட்சத்திரப் புத்தகத்தையும் காணோம்.

போன மாதம் முஹரக்கில் ஒரு வீடு.
அலமாரியை ஒதுக்கும்போது
அதே கதை, அதே ஓடை, கிழியாத பிரதி.
லாரியின் பின்னால்
ஃபிரிட்ஜுக்கும் மெத்தைக்கும் நடுவில் நின்று
எட்டுப் பக்கத்தையும் படித்தேன்.
கொன்றது மருந்துக்கடைக்காரன்.
ஒரு நிலப் பத்திரத்துக்காக.
சரியாகத்தான் இருந்தது, எல்லா முடிச்சும் அவிழ்ந்தது.
இவ்வளவுதானா என்றும் இருந்தது.
அவர்கள் பெட்டியிலேயே வைத்து டேப் ஒட்டிவிட்டேன்.

குணபாலன் கட்டிலில் இப்போது ஒரு பையன், தொண்டியிலிருந்து.
நேற்று ராத்திரி கிழிந்ததை முடித்துவிட்டு
மேலேயிருந்து தலையைத் தொங்கவிட்டான்:
"யாருண்ணே கொன்னது?"

மதலைமுத்து எழுந்து உட்கார்ந்தான்.
சிக்கந்தர் விளக்கைப் போட்டான்.

"நீ யாரைச் சொல்றே?" என்றேன்.